அடையாளம் சொல்லாத டாக்டரம்மா

சத்தத்தை முழுக்க நிறுத்திவிட்டுத்தான் டாக்டரம்மா சினிமா பார்ப்பார். நாகல் நகரில் எங்கள் வீட்டு மாடியில் குடியிருந்த அவருக்கு நான் மோர் கொண்டுபோகும்போதெல்லாம், டிவியில் யாராவது ஓசையில்லாமல் அழுதுகொண்டோ துரத்திக்கொண்டோ இருப்பார்கள். ஓரிடத்தில் நிறுத்துவார், பின்னால் ஓட்டுவார், மறுபடி பார்ப்பார். ஒரு படம் முடிய ஒரு வாரம் ஆகும். இதற்கெல்லாம்கூடவா சம்பளம் கொடுக்கிறார்கள் என்று அம்மாவுக்குத் தீராத சந்தேகம்.

அவர் கல்லூரிப் பேராசிரியர். நெய்க்காரப்பட்டிக்காரர் என்பதால் பேச்சில் அந்தப் பக்கத்து 'ங்க' ஒட்டிக்கொண்டே இருக்கும். சினிமாவில் கண்காணிப்பை எப்படிக் காட்டுகிறார்கள், கேமரா யார் கையில் இருக்கிறது, அதனால் அதிகாரம் யார் பக்கம் சாய்கிறது என்பதுதான் அவருடைய ஆராய்ச்சி. போலீஸ் அறையில் சுவர் நிறையத் திரைகள் இருக்கும், கதாநாயகன் அவற்றைப் பார்த்து வில்லனைப் பிடிப்பான், நாமும் கைதட்டுவோம். அந்தத் திரைகளில் சும்மா நடந்துபோகிறவர்களிடம் யாரும் சம்மதம் கேட்பதில்லை என்பார். எங்கள் தெருவுக்கு இதெல்லாம் ஏறவில்லை. சினிமாவில் டாக்டர் பட்டம் வாங்கியவர் என்பது மட்டும் ஏறியது.

அந்தச் சமயத்தில்தான் தெருமுனையில் கேமரா வந்தது. அப்பாவின் செலவு. கோயில் டியூப்லைட்டில் எழுதுவதுபோல, கம்பத்தில் 'உபயம்' என்று போட்டு எங்கள் பாத்திரக்கடையின் பெயரைப் பெரிதாக எழுதிவைத்தார். தெருச் சங்கத்துக்கும் அவர்தான் செயலாளர். கொஞ்ச நாளில் சங்கத்தின் வாட்ஸ்அப் குழுவில் ஒரு வீடியோ சுற்றியது. அந்தி நேரம், துப்பட்டாவால் முகத்தை மூடிய ஒரு பெண் பைக்கிலிருந்து இறங்கித் தெருவுக்குள் நடந்து வருகிறாள். யார் வீட்டுப் பெண் என்று ஆளாளுக்குத் துருவ ஆரம்பித்தார்கள்.

அது நான். கொண்டுவந்து விட்டவர் என்னோடு மில் அலுவலகத்தில் வேலை பார்த்தவர். காதலுமில்லை, கத்தரிக்காயுமில்லை. டவுன் பஸ் தவறினால் வழியில் இறக்கிவிடுவார், அவ்வளவுதான். ஆனால் தெருவுக்குத் தெரிந்தால் நான் வேலைக்குப் போவது அன்றோடு நின்றுவிடும். அந்த வேலையை நான் எவ்வளவு விரும்பினேன் என்பது எனக்குத்தான் தெரியும்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் சங்கத்துக்காரர்கள் இரண்டு பேரோடு அப்பா மாடி ஏறினார். சினிமாவையே அக்குவேறு ஆணிவேறாகப் பிரிக்கிறவர், இந்த வீடியோவைப் பார்த்து ஆளைச் சொல்லிவிட மாட்டாரா என்பது அவர்கள் எண்ணம். டீ கொண்டுபோன நான் வாசலிலேயே நின்றுவிட்டேன். அப்பாவின் போனை வாங்கி டாக்டரம்மா நிறுத்திப் பார்த்தார், பின்னால் தள்ளிப் பார்த்தார். என் பக்கம் திரும்பவே இல்லை. அவருக்குத் தெரிந்துவிட்டது என்பது அதிலேயே எனக்குப் புரிந்தது.

"யாருன்னு எனக்குத் தெரியுதுங்க. ஆனா சொல்ல மாட்டேனுங்க."

தெருவின் நல்லதுக்குத்தானே கேட்கிறோம் என்று மற்ற இருவரும் மன்றாடினார்கள், பிறகு கோபித்துக்கொண்டார்கள். அவர் அசையவில்லை. அப்பா மட்டும் போனைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு இறங்கிவிட்டார். மறுநாளே டாக்டரம்மாவை வீட்டைக் காலி செய்யச் சொன்னார்.

சாமான் கட்ட உதவப் போனபோது எனக்கு மனது ஆறவில்லை. முகம் சரியாகத் தெரியவில்லை என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் இந்த வம்பே இல்லையே என்று கேட்டேன். டம்ளரைச் செய்தித்தாளில் சுற்றிக்கொண்டே சொன்னார்.

"தெரியலைன்னு சொன்னா, அடுத்து இதைவிட நல்ல கேமரா வாங்குவாங்க கண்ணு."

எப்படியும் வாங்கிவிட்டார்கள். இன்று எங்கள் தெருவில் வாசலுக்கு ஒரு கேமரா. அப்பா கடையில் உட்கார்ந்தபடியே போனில் வீட்டைப் பார்க்கிறார். நான் இன்னும் அதே மில்லுக்குத்தான் போகிறேன். அந்த வீடியோ பேச்சு அப்படியே அடங்கிப்போனதை என் அதிர்ஷ்டம் என்றே நினைத்திருந்தேன். போன மாதம் யூடியூபில் டாக்டரம்மாவின் பேச்சு ஒன்று கிடைத்தது. தலை நன்றாக நரைத்திருந்தது, அந்த 'ங்க' மட்டும் அப்படியே இருந்தது. கடைக்குப் போய் அப்பாவிடம் காட்டினேன். செத்த நேரம் பார்த்துவிட்டுப் போனைத் திருப்பிக் கொடுத்தார்.

"பைக்குல வந்தது நீதான்னு அன்னைக்கே தெரியும் தாயி. எம் மக நடை எனக்குத் தெரியாதா? நீ இல்லைன்னு அந்தம்மா வாயால ஒரு வார்த்தை கேட்டுரலாம்னுதான் மேல போனேன்."

அப்படியானால் அவரை ஏன் அனுப்பினீர்கள் என்று கேட்டேன். அப்பா என்னைப் பார்க்காமல், கல்லாப்பெட்டியைத் துடைத்துக்கொண்டே பதில் சொன்னார்.

"அவங்களுக்குத் தெரிஞ்சிருச்சே. அப்புறம் தெனமும் எப்புடி அவங்க மொகத்துல முழிக்கிறது?"