ஊசியைத் தூக்கினால் கீறிவிடும்

கம்பளையிலிருந்து கலகெதர வரை எந்தக் கல்யாண வீட்டிலாவது பாட்டு கணீரென்று கேட்டால், அது என்னுடைய ஸ்பீக்கராகத்தான் இருக்கும். அஞ்சாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவள் நான். பொம்பளை பாட்டுச் செட் நடத்துவதா என்று சிரித்தவர்களின் பேத்திமார் கல்யாணத்துக்கும் என் வேன்தான் போகிறது. எவரும் எனக்குத் தொழில் சொல்லித்தரவில்லை. அக்கா வயசுக்கு வந்த சடங்கன்று ஒரு பாட்டு காதுக்குள் வந்து உட்கார்ந்தது, அவ்வளவுதான்.

அன்று தோட்டம் முழுக்க மூடுபனி. நாங்கள் குடியிருந்த லயத்து வரிசை வீடுகளுக்கு மேலே சவுக்கு மரத்தில் கட்டிய குழாய் ஸ்பீக்கர் கண்ணுக்கே தெரியவில்லை. பாட்டு மட்டும் மேகத்துக்குள்ளிருந்து இறங்கி, தேயிலைச் செடிகளின் மேல் நடந்து, மகாவலி ஆற்றுப் பக்கம் போய்க்கொண்டிருந்தது.

செட்டுக்காரர் கம்பளையிலிருந்து வந்த இளவட்டம். வந்ததுமே அப்பா கறாராகச் சொல்லிவிட்டார்: எதையும் போடலாம், அந்த ஒரு படத்துப் பாட்டைத் தவிர. புருஷனை இழந்த ஒருத்தி தானே பூ எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டு ஆடுகிற பாட்டு அது. குடும்பத்தைக் கெடுக்கிற படம் என்று லயத்து ஆம்பளைகள் எல்லாரும் ஒரே முடிவாக இருந்தார்கள். கண்டிக்குப் போய் இரண்டு தரம் பார்த்துவிட்டுத்தான்.

சித்தி அந்தப் படத்தைப் பார்த்ததில்லை. அம்மாவின் தங்கை. சின்ன வயதிலேயே புருஷனைப் பறிகொடுத்துவிட்டு எங்களோடு இருந்தாள். மூலையில் உட்காரவைத்த அக்காவுக்கு அத்தனை நாளும் முட்டையும் நல்லெண்ணெயும் ஊட்டியது அவள்தான். ஆனால் சடங்கன்று முன்வாசலுக்கு வரக்கூடாது, ஆலாத்தித் தட்டைத் தொடக்கூடாது. அடுப்படிப் புகைக்குள் நின்றவள் என்னைக் கூப்பிட்டாள்.

“அந்த அண்ணன்கிட்ட போயி, அந்தப் பாட்டு இருக்கானு கேட்டுட்டு வாடி.”

ஓடினேன்.

“யாரு கேக்கச் சொன்னா?” என்றார் அவர்.

சித்தி என்றேன். அடுப்படிப் புகையையே கொஞ்ச நேரம் பார்த்தார். “இருக்குனு சொல்லு. போட்டா ஒங்கப்பா ஒதைப்பாருனும் சொல்லு.”

சொன்னேன். சித்தி கரண்டியைக் கீழே வைத்தாள். “ஒதை வாங்கத் தைரியம் இருக்கானு கேளு.”

அதையும் கேட்டேன். அவர் சிரித்துக்கொண்டே ரெக்கார்டைச் சட்டையில் துடைத்து, ஊசியை வைத்தார்.

பனிக்குள் அந்தக் குரல் எழுந்ததும் முன்வாசலில் தலைகள் மரத்தின் பக்கம் திரும்பின. அப்பா பாய்ந்து வந்தார். “நிப்பாட்டுடா.”

“நடுவுல ஊசியத் தூக்குனா கீறிரும்ணே. ஒரு பாட்டுதான், முடிஞ்சிரும்.”

மெல்லத் தூக்கினால் கீறாது. சொந்தமாகச் செட் வாங்கிய பிறகுதான் எனக்கே அது தெரிந்தது. அப்பாவுக்குக் கடைசிவரை தெரியாது. பாட்டு முடியட்டும் என்று பல்லைக் கடித்துக்கொண்டு ஊசிக்குக் காவல் நின்றார். அதற்குள் சித்தி பனியோடு பனியாக முன்வாசலுக்கு வந்துவிட்டாள். அத்தையின் கையிலிருந்த ஆலாத்தித் தட்டை அம்மா வாங்கி அவளிடம் கொடுத்தாள்.

“ஊரு சிரிக்கும் அண்ணி,” என்றாள் அத்தை.

“சிரிக்கட்டும். புள்ளைய பாத்துகிட்டவ அவதான்.”

பாட்டு அடங்குவதற்குள் சித்தி அக்காவுக்கு ஆலாத்தி சுற்றி முடித்துவிட்டாள்.

அடுத்த மாதம் சித்தியைக் காணவில்லை. கம்பளையில் செட்டுக்காரர் வீட்டில் இருக்கிறாள் என்றார்கள். அவள் பேச்சையே இந்த வீட்டில் எடுக்கக்கூடாது என்றார் அப்பா. எனக்கு எல்லாம் விளங்கிவிட்டதாகத்தான் இருந்தது: அந்த ரெக்கார்டு அங்கேதானே இருக்கிறது. அதே மாதிரி ஒன்று வாங்கிவிட்டால் சித்தி திரும்பி வந்துவிடுவாள் என்று, அப்பாவின் காலைக் கட்டிக்கொண்டு அழுதேன்.