அடி விழும் இடம்

நேற்று டிவி நாடகத்தில் ஒருவன் பெண்டாட்டியை அடிக்கக் கை ஓங்கினான். அதுவரை இரைந்துகொண்டிருந்த இசை சட்டென்று நின்றது. அறை விழுந்த சத்தம் மட்டும் கேட்டது. அந்த நாடகத்துக்கு இசை என் தம்பி அந்தோணி.

அந்தச் சத்தத்தில் நான், சின்ன வயதில் நாங்கள் இருந்த ஜார்ஜ்டவுன் சீனர் கடை மாடி வீட்டுக்குப் போய்விட்டேன். அப்பா துறைமுகத்தில் மூட்டை தூக்குபவர். பலகைப் படியில் அவர் ஏறும்போதே சாராய நெடி முன்னால் வந்துவிடும். தம்பி மாதா கோயில் ஆர்மோனியத்தில் வாசித்துப் பழகுகிறான் என்று ஒருநாள் யாரோ அவரிடம் சொல்லிவிட்டார்கள்.

"கூத்தாடவா போற? விரல் இருந்தாத்தானே வாசிப்ப?"

தம்பியின் கையை நிலைப்படியில் அழுத்திக்கொண்டு அம்மிக்குழவியை ஓங்கினார். அம்மா அவர் காலைக் கட்டிக்கொண்டு கத்தினாள். நான் என் கையை அவன் கைமேல் வைத்தேன். குழவி இறங்கியது. எலும்பு நொறுங்கியது எனக்கே கேட்டது. அந்த வலியோடு அப்பாவின் மணிக்கட்டைக் கடித்தேன். வாயெல்லாம் ரத்தமாகியும் விடவில்லை. அதன்பிறகு அவர் அவன் கையைத் தொட்டதில்லை.

என் விரல்கள் இன்னும் கோணல்தான். அவன் விரல்கள் படத்துக்கும் டிவிக்கும் இசை போடுகின்றன.

காலையில் போன் செய்தேன். "ஏன்டா, அடி விழுற இடத்துல மியூசிக்கைக் காணோம்? தூங்கிட்டியா?"

"என்னென்னமோ போட்டுப் பார்த்தேன்க்கா. எல்லாம் பொய்யா இருக்கு. எனக்கு அங்க உன் விரல் சத்தந்தான் கேக்குது."

"அப்ப விடு லா," என்றேன்.

எனக்கு எழுத்துக் கூட்டித்தான் படிக்க வரும். நாடகம் முடிந்து ஓடும் பெயர்களில் அவன் பெயர் மட்டும் கூட்டாமலே வந்துவிடும்.