எமனுக்கு முகம் இல்லாத படம்

என் வீட்டுக்காரரின் கழுத்தில் இருந்த கட்டியில் ஊசி குத்திக் கொஞ்சம் எடுத்து டெஸ்டுக்கு அனுப்பியிருந்தார்கள். சாயங்காலம் நாலு மணிக்கு ரிப்போர்ட் வரும் என்று ஆஸ்பத்திரியில் சொல்லியிருந்தார்கள். அன்று காலை பத்து மணிக்குள் நான் வீட்டை மூன்று தடவை பெருக்கிவிட்டேன். அவரோ பேப்பரை மடித்து வைத்துவிட்டு, "ஏம்புள்ள, அந்தப் பழைய சாமி படத்தைப் புதுசா எடுத்திருக்காங்களாம். மத்தியான ஷோ போலாமா?" என்றார்.

"இன்னைக்குப் போயி படமாங்க?"

"வீட்டுல இருந்தா மட்டும் ரிப்போர்ட் முன்னாடியே வந்துருமா?"

பழைய படத்தை, கல்யாணமாகிக் கொள்ளேகாலிலிருந்து மைசூருக்கு வந்த புதிதில், தேவராஜ மொஹல்லாப் பக்கம் ஒரு தியேட்டரில் பார்த்தோம். அப்போதே அது பழைய படம்தான். புருஷன் உயிரைத் திருப்பிக் கேட்டு ஒருத்தி எமலோகம் வரைக்கும் போகிற கதை. எமன் தொந்தியோடு, அட்டைக் கிரீடம் ஆட, நிஜ எருமை மேல் வருவார். மீசை ஒரு பக்கம் ஒட்டு விட்டிருக்கும். அதைப் பார்த்து இவர் சிரித்த சிரிப்பில் முன் வரிசைக்காரர் திரும்பி, "சும்னிரி சாமி!" என்று கன்னடத்தில் சும்மா இருக்கச் சொல்லி அதட்டினார்.

புதுப் படத்தில் எமலோகம் மலை மலையாக எரிந்தது. எருமையின் மூச்சில் நாற்காலியே அதிர்ந்தது. ஆனால் எமனுக்கு முகம் இல்லை. கறுப்புப் புகை, அதற்குள்ளிருந்து ஒரு குரல், அவ்வளவுதான். பழைய எமன் அவள் வாதாடும்போது முழிப்பார், யோசிப்பார், மீசையைத் தடவுவார். இவரை மடக்கிவிடலாம் என்று நமக்கே தோன்றும். புகையிடம் என்ன பேசுவது? மணி பார்த்தேன், மூன்று ஐந்து. வெகுநேரம் கழித்துப் பார்த்தேன், மூன்று எட்டு.

எழுந்து வெளியே வந்துவிட்டேன். பாப்கார்ன் கடைக்கும் லிஃப்டுக்கும் நடுவில் நடந்துகொண்டே இருந்தேன். சற்று நேரத்தில் அவரும் வந்தார்.

"நீங்க பாருங்க. இன்னும் முடியலியே."

"அந்தப் பொண்ணு கெஞ்சறதப் பாக்க முடியல புள்ள."

அவர் கையைப் பிடித்தேன். ஜில்லென்று வேர்த்திருந்தது. காலையிலிருந்து அவரும் பயந்துகொண்டுதான் இருந்திருக்கிறார்.

ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரிக்குப் போய் உட்கார்ந்தோம். ரிப்போர்ட் ஐந்தரைக்குத்தான் வந்தது. கேன்சர்தான், ஆனால் ஆரம்பக் கட்டம் என்றார் டாக்டர். அடுத்த மாதம் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. குரல் மட்டும் கொஞ்சம் கம்மிவிட்டது.

இப்போது ஆறு மாதத்துக்கு ஒரு தடவை செக்கப். அதற்கு முந்தின வாரம் முழுக்க என்னால் உட்கார்ந்து சாப்பிட முடிவதில்லை, சமையல்கட்டில் நின்றுகொண்டே சாப்பிடுகிறேன். அவரும் தட்டை எடுத்துக்கொண்டு வந்து பக்கத்தில் நின்று சாப்பிடுவார்.