குடியேறி ஒருவரின் நேர்முகத் தேர்வு

ஆக்லாந்து நகர மையத்தில் ஒரு பல்கலைக்கழக நூலகம். திரும்பி வரும் புத்தகங்களைத் தள்ளுவண்டியில் ஏற்றி, அதனதன் தட்டில் அடுக்குவது அங்கே என் உத்தியோகம். சேர்ந்த மூன்றாம் கிழமை, மேற்பார்வையாளர் ஜேனட் ஒரு கட்டுப் புத்தகத்தைத் தனியே எடுத்து வைத்துவிட்டு என்னைக் கூப்பிட்டார். இவை உங்கள் ஆட்களைப் பற்றியவை, அடுக்குமுன் வீட்டுக்குக் கொண்டுபோய்ப் படியுங்கள் என்றார். முகத்தில் அப்படியொரு கருணை. பார்த்தால், எல்லாம் வர்ஜீனியாவிலும் மாசச்சூசெட்ஸிலும் ஆங்கிலேயர் வந்திறங்கிய காலத்து இந்தியர்களைப் பற்றிய ஆராய்ச்சி நூல்கள். கொலம்பஸ் விட்ட பிழையை ஐந்நூறு வருடம் கழித்து ஜேனட் கையேற்றிருந்தார். நான் அந்த இந்தியனும் இல்லை, இந்த இந்தியனும் இல்லை, யாழ்ப்பாணத்தான் என்று விளக்கப் போனால் புத்தகம் கைவிட்டுப் போய்விடும். நன்றி சொல்லி வாங்கிக்கொண்டேன்.

யாழ்ப்பாணத்தில் பதினான்கு வருடம் உயர்தர வகுப்புக்கு வரலாறு படிப்பித்தவன் நான். அமெரிக்கக் குடியேற்றங்கள் என் செல்லப் பாடம். பாடநூலில் அதற்கு நாலரைப் பக்கம்தான். மிச்சத்தை நான் கோபத்தால் நிரப்பினேன். எங்கள் பக்கத்தில் குடியேற்றம் என்ற சொல்லைக் கேட்டாலே ஆட்களுக்கு இரத்தம் கொதிக்கும். கிழக்கில் அரசாங்கம் காடு வெட்டி வெளியாட்களைக் கொண்டுவந்து இருத்துவதற்கும் அதுதான் பெயர். ஆகவே என் வகுப்பில் குடியேறிகள் என்றால் 'அவங்கள்'. சோளத்தையும் கொடுத்துக் காணியையும் பறிகொடுத்த இந்தியர்கள் 'நாங்கள்'. பிள்ளைகள் ஒருவரும் இதற்கு விளக்கம் கேட்டதில்லை.

இப்போது அந்த நாலரைப் பக்கத்தின் மிச்சத்தை வீட்டுக்குப் போகும் கிளென் ஈடன் ரயிலில் வாசித்தேன். இந்த ஆராய்ச்சியாளர்கள் இருக்கிறார்களே, பொல்லாத ஆட்கள். ஒரு வேலி எந்த வருடம் போடப்பட்டது என்பதற்கு முக்கால் பக்கம் அடிக்குறிப்பு எழுதுவார்கள். முன்னுரையில் பன்னிரண்டு சுவடிக்காப்பகங்களுக்கு நன்றி சொல்லிவிட்டு, கடைசி வரியில், அத்தனையையும் தட்டச்சு செய்த மனைவிக்கும் ஒரு நன்றி. என் மனைவி சாந்தி முதியோர் இல்லத்தில் நாள் முழுக்க நின்று வேலை செய்துவிட்டு வருபவள். நான் சோற்றுக் கோப்பைக்குப் பக்கத்தில் புத்தகத்தை விரித்தால் அவளுக்குப் பற்றிக்கொண்டு வரும்.

"உந்தச் செவ்விந்தியரைக் கட்டி அழுறதுக்கோ பிளேன் ஏறி வந்தனீங்கள்?" என்று கேட்டாள்.

அதற்கும் ஒரு பலன் வந்தது. வரலாற்றுத் துறையில், குடியேற்றக் காலச் சமூகங்கள் பற்றிய பாடத்துக்குப் பகுதிநேர டியூட்டர் தேவை என்று அறிவிப்புப் பலகையில் ஒரு தாள் தொங்கியது. விண்ணப்பித்தேன். உண்மையைச் சொல்கிறேன், எனக்கு அந்த வேலை வெறியாக வேண்டியிருந்தது. தமிழர் ஒன்றுகூடல்களில் இன்னும் எல்லோரும் என்னை 'மாஸ்டர்' என்றுதான் கூப்பிடுகிறார்கள். வண்டி தள்ளுகிறவனுக்கு அதைக் கேட்கக் கேட்க உடம்பு கூசும். எனக்கு ஒரு வகுப்பறை வேண்டும், அவ்வளவுதான்.

நேர்முகத் தேர்வில் இரண்டு பேர். தாடி வைத்த ஒரு வெள்ளைக்காரப் பேராசிரியர்; மேரே என்ற மாவோரி விரிவுரையாளர். என் படபடப்பைப் பார்த்த பேராசிரியர், நியூசிலாந்து வாழ்க்கை எப்படி என்று இலேசாகத்தான் ஆரம்பித்தார். நம்மவர்கள் நிறைய இருக்கும் ஹில்ஸ்பரோப் பகுதியில் பிறந்தநாள் விருந்தென்றாலும் செத்தவீடென்றாலும் கேட்பது ஒரே கேள்விதானே: "செட்டில் ஆகீட்டீங்களோ?" நாலு வருடமாகக் கேட்டுக் கேட்டு அந்தச் சொல் நாக்கில் குந்தியிருந்தது. தமிழில் கப்பலில் போனவனும் குடியேறிதான், விசாவில் வந்தவனும் குடியேறிதான். முதல் இரண்டு வருடம் கஷ்டப்பட்டேன், இப்போது நான் ஒரு 'ஃபுல் செட்டிலர்' என்று ஆங்கிலத்தில் பெருமையாகச் சொன்னேன்.

மேரே பேனையை மேசையில் வைத்தார். பேராசிரியரின் கண்கள் பளபளத்தன. வரலாற்றில் தன்னுடைய இடத்தை இவ்வளவு துணிவாக ஒத்துக்கொண்ட ஒருவரை இந்த அறையில் தான் கண்டதே இல்லை என்றார். பிறகு நெடுநேரம் எதையோ எழுதினார். எதை ஒத்துக்கொண்டேன் என்று எனக்கு விளங்கவில்லை. லிஃப்டில் இறங்கும்போதுதான் விளங்கியது. இந்த ஊரில் செட்டிலர் என்றால், மாவோரிகளின் காணியில் வந்து குந்தி, பிறகு அதற்கு உறுதிப்பத்திரமும் எழுதிக்கொண்ட வெள்ளைக்காரர். பதினான்கு வருடம் நான் வாய் ஓயாமல் திட்டிய கூட்டத்தில் என் சொந்த வாயாலேயே சேர்ந்துவிட்டேன், அதுவும் 'ஃபுல்' என்று. 

வேலை கிடைத்தது. கிடைத்ததே அந்தப் பிழையால்தான் என்பதைச் சாந்திக்குச் சொல்லவில்லை. அவள் கேசரி கிண்டி, கனடா வரைக்கும் போன் அடித்துச் செய்தி சொன்னாள்.

முதல் வகுப்பில் பதினொரு மாணவர்கள். கடைசி வரிசையில், மேற்பார்வைக்கு மேரே. வாயைத் திறக்குமுன்னேயே வில்லங்கம் வந்துவிட்டது. குடியேறிகளை 'அவங்கள்' என்று சொல்ல நாக்கு எழவில்லை. இந்தியர்களை 'நாங்கள்' என்று சொல்லலாம்தான், ஆனால் மேரேயை வைத்துக்கொண்டு எந்த முகத்தோடு சொல்வது? ஆங்கிலம் கைகொடுத்தது. 'வீ' என்று ஒரு சொல் இருக்கிறதே. வந்திறங்கினோம், சோளம் கொடுத்தோம், வேலி போட்டோம், காணியை இழந்தோம் என்று, எல்லாவற்றுக்கும் அந்த ஒரே 'வீ'யைப் போட்டு, ஒரு மணித்தியாலம் எல்லாப் பக்கமும் நின்று சமாளித்தேன். மாணவர்கள் அத்தனையையும் எழுதிக்கொண்டார்கள்.

எல்லோரும் போன பிறகு மேரே முன்னுக்கு வந்தார். தங்கள் மொழியில் 'வீ' என்பதற்கு வேறு வேறு சொற்கள் உண்டு என்றார். கேட்பவரையும் சேர்த்துச் சொன்னால் 'தாத்தோ'. கேட்பவரை விட்டுவிட்டுத் தங்களை மட்டும் சொன்னால் 'மாத்தோ'. எனக்கு ஊர்க்காரரைக் கண்டதுபோல் சந்தோஷம். எங்களிடமும் உண்டு, நாம், நாங்கள் என்று படபடவென்று ஒப்புவித்தேன். அவர் முதன்முதலாகச் சிரித்தார்.

"நல்லது. அப்படியென்றால் இன்றைக்கு நீங்கள் சொன்னது எந்தச் சொல்?" என்று கேட்டார். "நான் அதற்குள் இருந்தேனா?"

குத்தலாகக் கேட்கவில்லை. பதிலுக்காக உண்மையாகவே காத்துக்கொண்டு நின்றார். நாம் என்று சொன்னால், அவருடைய காணியில் அவரைக் கேட்காமலே பங்கு எடுப்பதாகும். அவரை வெளியே விட்டு, நாங்கள் என்று சொல்லலாம் என்று வாயெடுத்தேன். அந்த நாங்களில் என்னோடு கூட யார் நிற்கிறார்கள் என்று ஒருதரம் பார்த்தேன். வர்ஜீனியாவில் கப்பலால் இறங்கியவர்கள் நின்றார்கள். தொப்பியைக் கழற்றி வணக்கம் சொல்லி, கொஞ்சம் அரக்கி எனக்கும் இடம் விட்டார்கள்.