ஏழாம் நம்பர் மிஷின் எத்தனை தடவை நின்றது?

ஓடுகிற மிஷினை யாரும் எண்ணச் சொல்வதில்லை. நின்ற மிஷினை எண்ணத்தான் என்னைப் போன்றவனுக்குச் சம்பளம்.

தொண்ணூறுகளின் நடுவில் சிங்காநல்லூர்ப் பக்கம் ஒரு நூல் மில்லில் நான் ராத்திரி ஷிப்ட் கம்ப்யூட்டர் ஆபரேட்டர். அதற்கு முன் அதே மில்லில் டைம் ஆபீஸ் குமாஸ்தா. கம்ப்யூட்டர் வந்து இறங்கியபோது அதைத் தொட யாருக்கும் தைரியமில்லை. எனக்கோ எந்த வயதிலும் ராத்திரித் தூக்கம் வந்ததில்லை. இரண்டும் பொருந்திப் போயின. யாரும் சொல்லித் தரவில்லை. திரையில் வந்த பிழைச் செய்திகளைப் படித்துப் படித்தே தொழிலைக் கற்றேன்.

நூல் சுற்றும் ரிங் பிரேம் ஒவ்வொன்றும் ஓடுகிறதா நிற்கிறதா என்று மேஸ்திரி மணிக்கொரு தரம் பார்த்துச் சீட்டில் எழுதுவார். அதை நான் டேட்டாபேஸில் வரிவரியாக ஏற்றி, விடிந்ததும் ரிப்போர்ட்டாக அச்சடித்து மேனேஜர் மேஜையில் வைக்க வேண்டும். ராத்திரியெல்லாம் விழித்திருந்து காலையில் திட்டு வாங்குகிற எந்தத் தொழிலில் நீங்கள் இருந்தாலும் சரி, இதற்கு மேல் உங்களுக்கு விளக்கம் தேவைப்படாது.

அழுத குழந்தை

ஒரு வார ரிப்போர்ட்டில் ஏழாம் நம்பர் மிஷினுக்கு நேராக ‘நிறுத்தம்: 31’ என்று வந்தது. கம்ப்யூட்டர் சொன்னதால் அது தப்பாக இருக்கலாம் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை, எனக்கும்தான். முப்பத்தொரு தடவை நிற்கிற மிஷினுக்கு ஒரு பிட்டர் எதற்கு என்று கேட்டுப் பிட்டர் மயில்சாமிக்கு மேனேஜர் மெமோ கொடுத்துவிட்டார். மாதக் கடைசியில் முதலாளி வரும்போது அவர் முன்னால் விளக்கம் சொல்ல வேண்டும். விளக்கம் சரியில்லை என்றால் வேலை போய்விடும்.

மயில்சாமி பல்லடத்திலிருந்து பஸ்ஸில் வருபவர். ரிங் பிரேம்களைப் பழுது பார்ப்பது அவர் வேலை. அதுவரை அவரும் நானும் சேர்ந்து ஒரு டீ கூடக் குடித்ததில்லை. ஷிப்ட் முடிகிற நேரத்தில் என் அறைக் கதவருகே வந்து நின்றார். வாரம் முடியப் போகிற நேரத்தில் கியர் பல் உடைந்து மிஷின் நின்றுவிட்டதாம். புதுக் கியர் கேட்டு இவர் எழுதிக் கொடுத்த இண்டெண்ட்டில் மேனேஜர் கையெழுத்துப் போடாமலே மேஜை டிராயரில் வைத்திருந்தாராம். மேஸ்திரி மணிக்கொரு தரம் வந்து பார்த்து ‘நிறுத்தம்’, ‘நிறுத்தம்’ என்று எழுதிக்கொண்டே போனாராம். இதையெல்லாம் குரல் உயர்த்தாமல் சொல்லிவிட்டு என்னைக் கேட்டார்:

“ஏனுங்க, ஒரு கொழந்தை காத்தால அழுக ஆரம்பிச்சுப் பொழுதோட வரைக்கும் அழுதுச்சுன்னா, அது எத்தனை தடவை அழுதுச்சும்பீங்க?”

மேல் வரியைப் பார்

அவர் கேட்டது நியாயம். என் ரிப்போர்ட் வரிகளைத்தான் எண்ணியது, நிற்புகளை எண்ணவில்லை. சரி, ‘நிறுத்தம்’ என்றிருக்கும் வரிகளையெல்லாம் ஒன்றாகக் கட்டி ‘ஒன்று’ என்று போட்டுவிடலாமா? அதுவும் பொய். திங்கட்கிழமை நின்று, சரியாகி ஓடி, வெள்ளிக்கிழமை மறுபடி நின்றால் அது இரண்டு. பெயர் ஒன்றாக இருப்பதால் இரண்டு நிற்பும் ஒன்றாகிவிடாது. அடுத்தடுத்து வரும் வரிகளைக் கூட்டம் கூட்டமாகப் பிரித்து எண் போட என்னிடம் இருந்த டேட்டாபேஸில் தயாராக ஒரு கட்டளையும் இல்லை.

மண்டையை உடைத்துக்கொண்டு ஒரு வழி கண்டுபிடித்தேன். ஒவ்வொரு வரியும் தனக்கு மேல் வரியைப் பார்க்க வேண்டும். மேலே இருப்பதும் தானும் ஒன்றென்றால் அதே எண். வேறென்றால் அடுத்த எண். அவ்வளவுதான். ரிப்போர்ட்டின் வலது ஓரத்தில் ‘குரூப் நம்பர்’ என்று மேலிருந்து கீழாக ஒரு புதுப் பத்தி முளைத்தது. முப்பத்தொரு நிற்பு மூன்றாகச் சுருங்கியது.

மயில்சாமி அச்சடித்த தாளில் விரல் வைத்துப் பார்த்தார். எண் மாறிய இரண்டு இடங்களில் ஒன்று சரியாக ராத்திரி பன்னிரண்டு மணியில் இருந்தது. நான் நாளுக்கு நாள் எண்ணைப் புதிதாக ஆரம்பித்திருந்தேன். தேதி மாறினால் நிற்பும் மாறிவிட்டதாகக் கம்ப்யூட்டர் நினைத்துக்கொண்டது. இன்னொரு இடத்தைப் பற்றி அவர் ஒன்றும் பேசவில்லை. பன்னிரண்டு மணியைத்தான் விரலால் தட்டினார்:

“நடுராத்திரி பன்னெண்டு மணிக்கு மிஷினுக்கு என்னுங்க, பொறந்த நாளுங்களா?”

வீட்டுக் கணக்கு

அன்று காலை நான் வீட்டுக்குப் போனபோது நெடுநாளைக்குப் பிறகு கொஞ்சம் சந்தோஷமாக இருந்தேன். தேதி மாறினாலும் எண் மாறாதபடி திருத்திவிட்டிருந்தேன். யாரிடமாவது சொல்ல வேண்டும்போல் இருந்தது. என் மனைவி தனம் அவரைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். அவளிடம் சொன்னேன். பட்டப்பகலில் ஆஸ்பெஸ்டாஸ் கூரைக்குக் கீழே போர்வையை மூடிக்கொண்டு படுத்திருக்கும் ஆளாகத்தான் அவள் என்னைப் பார்த்திருக்கிறாள். அப்படிப்பட்டவன் உட்கார்ந்து பேசினால் கேட்டுத்தானே ஆக வேண்டும். நடுவில் இடைவெளி இல்லாமல் வந்தால் எத்தனை வரியானாலும் அது ஒன்றாம் நம்பர்தான், இடைவெளி விழுந்தால்தான் இரண்டாம் நம்பர் என்றேன். கத்தியை நிறுத்தாமலே சொன்னாள்:

“நீங்க நெதமும் ராத்திரி போறதா நெனச்சுட்டு இருக்கறீங்க. எனக்கு நீங்க போனது ஒருக்காதானுங்க. இன்னும் வரலை.”

ரிப்பன்

மேனேஜர் முட்டாள் இல்லை. புதுப் பத்தியைப் பார்த்ததுமே அவருக்கு விளங்கிவிட்டது. முப்பத்தொரு தடவை நின்றால் அது பிட்டரின் கவனக்குறைவு. ஓரிரு தடவை மட்டும் நின்று, அத்தனை நேரம் நின்றதென்றால், ‘ஏன் இத்தனை நேரம்?’ என்ற கேள்வி நேராகப் போய் அவருடைய மேஜை டிராயரைத் திறக்கும். இந்தப் பத்தியை எடுத்துவிட்டுப் பழைய மாதிரியே கொடுங்கள் என்றார். பழைய மாதிரி தப்புங்க என்றேன். எடுக்கவில்லை.

அந்த வாரமே பிரிண்டருக்கு ரிப்பன் கிடையாது என்று ஸ்டோரில் கையை விரித்துவிட்டார்கள். தேய்ந்த ரிப்பனைப் பையில் போட்டுக்கொண்டு உக்கடத்துக்குப் பஸ் ஏறினேன். அங்கே ஒரு பாய் சின்னக் கடையில் பழைய ரிப்பன்களுக்கு மை ஏற்றித் தருவார். பத்து விரலும் எப்போதும் கறுப்பாக இருக்கும். மை இறங்குகிற வரை உட்கார வைத்து, ரிப்பன் அப்படி எதை அடிக்கப் போகிறது என்று கேட்டார். சொன்னேன். ரசித்துக் கேட்டார். ரிப்பனைத் தாளில் சுற்றித் தரும்போது சொன்னார்:

“அடுத்து உங்க மேனேஜரு பேப்பரை நிறுத்துவாரு பாருங்க சார். அதுக்கு எங்கிட்ட வந்துராதீங்க, நான் மைக்காரன்.”

ஒரு மணி நேரம்

பாய் வாக்குப் பலித்தது, பேப்பரும் நின்றது. பழைய ரிப்போர்ட்டுகளின் முதுகில் அச்சடித்தேன். ‘நிறுத்தம்: 31’ என்ற தாளின் பின்பக்கத்தில் ‘நிறுத்தம்: 2’ என்று அடித்ததில் எனக்கொரு அற்பத் திருப்தி.

அந்த இரண்டைப் பார்த்துத்தான் மயில்சாமி மறுபடி வந்தார். ஒன்றாக்கிவிடச் சொன்னார். நடுவில் ஒரு மணி நேரம் மிஷின் ஓடியிருக்கிறது, ஒரே ஒரு வரி. அந்த வரியை எடுத்துவிட்டால் மேலும் கீழும் சேர்ந்து ஒன்றாகிவிடும். எதற்கு என்று கேட்டேன். தயங்கித் தயங்கிச் சொன்னார். கையெழுத்து வராததால் பொறுக்க முடியாமல் உடைந்த கியரைத் துணியில் சுற்றி வெளியே எடுத்துப் போய், கணபதிப் பக்கம் ஒரு பட்டறையில் பல் வைத்துப் பற்றவைத்து வந்து மாட்டியிருக்கிறார். அது ஒரு மணி நேரம் தாங்கிப் பிய்ந்துபோனது. கேட் பாஸ் இல்லாமல் மில் சாமானை வெளியே கொண்டுபோனது தெரிந்தால் மெமோ இல்லாமலே அனுப்பிவிடுவார்கள். ஆனாலும் ஓடியது ஓடியதுதான், எடுக்க முடியாது என்று சொன்னேன். மேனேஜருக்கு மாட்டேன் என்ற வாயால் இவருக்குச் சரி என்றால் அந்தப் பத்திக்கு என்ன மதிப்பு? அவர் முகம் சுருங்கிவிட்டது.

“நீங்க எந்தப் பக்கமுங்க?”

நாற்காலி

மாதக் கடைசிக்கு முந்தின நாள் காலை மேனேஜர் கூப்பிட்டனுப்பி, முதல் தடவையாக உட்காரச் சொன்னார். நாற்காலி கிடைத்தால் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும் என்பது உங்களுக்கும் தெரிந்திருக்கும். பத்தி இருக்கட்டும், நல்ல பத்திதான் என்றார். நடுநடுவே நாலைந்து இடத்தில் ‘ஓட்டம்’ என்று மட்டும் போட்டுக் கொடுத்தால் போதுமாம். மிஷின் நின்று நின்று ஓடியதாக ஆகிவிடும், நீண்ட நிற்பு துண்டு துண்டாகிவிடும். என் சொந்தக் கருவியையே என் மேல் திருப்பியிருந்தார். உள்ளுக்குள் பாராட்டினேன்.

வந்த வரியை எடுக்கவும் மாட்டேன், வராத வரியைப் போடவும் மாட்டேன் என்றேன். மயில்சாமி உங்களுக்கு மாமனுங்களா மச்சானுங்களா என்று கேட்டார். இரண்டும் இல்லைங்க, இப்போது அவர் என்னோடு பேசுவதுகூட இல்லைங்க என்றேன். எங்கள் பக்கத்தில் மரியாதை குறையாமல்தான் மிரட்டுவார்கள். மேனேஜர் என்னைக் கதவுவரை கொண்டுவந்து விட்டுச் சொன்னார்:

“எடை மேடையில பகல் டூட்டிக்கு ஒரு ஆள் வேணும்னாங்க. நீங்களும் நெம்ப நாளா வெயிலே பாக்கறதில்லை, உடம்புக்கு நல்லதுங்க.”

முதலாளி

முதலாளி குறைவாகப் பேசுகிறவர். மறுநாள் தாளை வாங்கிப் பார்த்தார், திருப்பிப் பின்பக்கத்தையும் பார்த்தார். பிட்டரும் ஆபரேட்டரும் சேர்ந்துகொண்டு தயார் செய்த ரிப்போர்ட் இது என்றார் மேனேஜர். மயில்சாமி என் பக்கம் திரும்பவே இல்லை. முதலாளி அந்தத் தனி வரியில் நகத்தை வைத்து, இந்த ஒரு மணி நேரம் மட்டும் எப்படி ஓடியது என்று கேட்டார்.

என் குரூப் நம்பர் ஒரு மனிதனின் சோற்றில் மண் போடப் போகிறது என்று நினைத்துக்கொண்டு நின்றேன். பிறகு மயில்சாமி எல்லாவற்றையும் சொன்னார்: கையெழுத்து வராத இண்டெண்ட், துணியில் சுற்றியது, கணபதிப் பட்டறை, பிய்ந்துபோன பல், கேட் பாஸ். நான் நிறுத்திப் போட்டுச் சும்மா உட்கார்ந்திருக்கவில்லைங்க என்றார் கடைசியில். மேனேஜரை முதலாளி ஒரு கேள்வியும் கேட்கவில்லை. மேனேஜர் எத்தனை மணி நேரம் நின்றார் என்று எழுத எந்த மில்லிலும் மேஸ்திரி கிடையாது. முதலாளி இண்டெண்ட்டை எடுத்துவரச் சொன்னார், பேனாவைத் திறந்தார்.

“இவங்க ரெண்டு பேரும் கூட்டுன்னா இந்த ஒரு மணி நேரத்தை மொதல்லயே எடுத்துப்போட்டிருப்பாங்க. மெமோவை வாபஸ் வாங்குங்க, கியருக்கு நான் கையெழுத்துப் போடறேன்.”

எடை மேடை

மயில்சாமிக்கு வேலை நிலைத்தது. எனக்கு அடுத்த திங்கட்கிழமையிலிருந்து எடை மேடை. காலையில் போய்ப் பஞ்சு லாரிகளை நிறுத்துச் சீட்டுக் கொடுத்துவிட்டுப் பொழுது சாயத் திரும்ப வேண்டும். என் இடத்துக்கு வந்த ஆபரேட்டரை முதல் வேலையாக அந்தப் பத்தியை எடுக்கச் சொன்னார்களாம். எடுத்தால் ரிப்போர்ட்டே வராதபடி எழுதி வைத்திருந்தேன். அது தப்பு என்று நான் இன்றைக்கும் நினைக்கவில்லை. இரண்டாம் நாள் மயில்சாமி கையில் இரண்டு டீயோடு எடை மேடைக்கு வந்தார். ஒன்றை என்னிடம் நீட்டினார், குடித்து முடிக்கிறவரை மிஷினைப் பற்றிப் பேசவே இல்லை.

எடை மேடைக்குப் போன முதல் நாள் சாயங்காலம் நான் வாசலில் செருப்பைக் கழற்றியபோது தனம் விளக்குப் போட்டுக்கொண்டிருந்தாள். இந்த நேரத்தில் வருகிறவன் யாரோ என்பதுபோல் என்னை மேலும் கீழும் பார்த்தாள். ராத்திரி டூட்டியிலிருந்து தூக்கிவிட்டார்கள் என்றேன். சாப்பாட்டுப் பையை வாங்கிக்கொண்டே கேட்டாள்:

“அப்ப அது முடிஞ்சு, இன்னைலிருந்து ரெண்டாம் நம்பருங்களா?”

சரியாக எண்ணிய குற்றத்துக்கு ராத்திரித் தூக்கத்தை எனக்குத் தண்டனையாகக் கொடுத்தார்கள். தூக்கமும் வரவில்லை, வருத்தமும் வரவில்லை.