முந்நூற்றுப் பதினொரு சில்லுகள்

என் சித்தப்பா பிறர் வீடுகளில் முழங்காலில் நின்று சம்பாதிக்கிறவர். டைல்ஸ் போடுவது அவர் தொழில். அப்பாவுக்கு நேர் இளையவர். தொழில் வட்டத்தில் அவருக்கு 'ரசமட்டம்' என்று பட்டப்பெயர். எங்கே போனாலும், தரை சமமாக இருக்கிறதா என்று காட்டும் அந்த ரசமட்டக் கட்டையை எடுத்து வைத்துப் பார்க்கிற பழக்கம் அவருக்கு. சித்திக்குக் குடல்வால் அறுவை சிகிச்சை நடந்தபோது ஆஸ்பத்திரிக் கட்டிலின் மேலும் வைத்துப் பார்த்துவிட்டு, "தலைமாட்டுல அரை அங்குலம் இறங்கியிருக்கு, அதான் உனக்குத் தூக்கம் வரலை" என்று சொன்னவர்.

அவரிடம் ஒரு வேலை முறை உண்டு. எந்த அறையானாலும், கலவை குழைப்பதற்கு முன் டைல்ஸை வெறுந்தரையில் ஒருமுறை முழுக்கப் பரப்பிப் பார்ப்பார். நூல் பிடித்து, சுவருக்குச் சுவர் அடுக்கி, எந்த மூலையில் வெட்டு விழுகிறது, வாசலுக்கு எதிரே ஒச்சமான துண்டு வருகிறதா என்றெல்லாம் பார்த்த பிறகுதான் எல்லாவற்றையும் எடுத்துவிட்டு வேலையை ஆரம்பிப்பார். வீட்டுக்காரர்கள் பொறுமை இழப்பார்கள். "ஒட்டினதுக்கு அப்புறம் அழறதைவிட ஒட்டறதுக்கு முன்னாடி அரை நாள் போகட்டும்" என்பார்.

இவ்வளவு முன்யோசனை உள்ள மனிதர் தன் வீட்டுக் கடனை மட்டும் பரப்பிப் பார்க்காமல் ஒட்டிவிட்டார்.

நாற்பது வயதில் வீடு வாங்கினார். இரண்டு அறை, ஒரு கூடம், சமையலறை, மேலே வெறும் மொட்டைமாடி. வங்கியில் இருபது லட்சம் கடன். மாதத் தவணை பதினேழாயிரத்து முந்நூற்று ஐம்பத்தாறு, இருநூற்று நாற்பது மாதம். வட்டி எட்டரை சதவீதம் என்றதும் அவர் மனம் தொழில் கணக்குக்குப் போய்விட்டது. டைல்ஸ் வேலையில் வெட்டிலும் உடைப்பிலும் வீணாவது பத்து சதவீதத்துக்குள் இருந்தால் நல்ல கொத்தன் என்று பெயர். எட்டரை என்றால் கெட்டிக்காரன். "பத்துக்குள்ளதானே இருக்கு" என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டுவிட்டார். டைல்ஸில் அந்தப் பத்து ஒரு வேலைக்கு ஒரு தடவைதான். வங்கியின் எட்டரை ஒவ்வொரு வருடமும் மிச்சக் கடன் முழுவதன் மேலும் திரும்பத் திரும்ப வரும். இந்த வித்தியாசத்தை யாரும் அவருக்குச் சொல்லவில்லை. அவரும் யாரையும் கேட்கவில்லை.

வீட்டை வாங்கியதும் தரை போட்டார். நாற்பது இடங்களில் மிஞ்சியதெல்லாம் அந்தத் தரையில் இருக்கிறது. கூடத்தில் ஒரு பல் டாக்டரின் பளிங்கு நிறம், சமையலறையில் ஒரு பேக்கரியின் செங்கல் நிறம். குளியலறைக்குள் போனால் ஏதோ துணிக்கடைக்குள் போனதுபோல இருக்கும். கோடுகள் மட்டும் எங்கும் ஒரு மயிரிழை பிசகாமல் இருக்கும்.

மூன்று வருடம் ஒரு தவணை தவறவில்லை. அதில் அவருக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு. மூன்றாம் வருடக் கடைசியில் வங்கியிலிருந்து ஒரு கடிதம் வந்தது. ஊரெல்லாம் வட்டி ஏறிக் கிடந்த சமயம். சித்தப்பா கடிதத்தில் தனக்குத் தெரிந்த ஒரே விஷயத்தைத் தேடினார். பதினேழாயிரத்து முந்நூற்று ஐம்பத்தாறு அப்படியே இருந்தது. மடித்து மேசை இழுப்பறையில் வைத்துவிட்டார்.

"எல்லாருக்கும் ஏத்திட்டான். என் தவணையில ஒரு காசு ஏறலை. ஒழுங்கா கட்டறவன் மேல பேங்க்காரன் கை வைக்க மாட்டான்" என்று வேலையிடத்தில் நாலு பேரிடம் சொல்லியும் விட்டார்.

அதே மாதம் இரண்டு காரியம் நடந்தது. முதலாவது, அவருடைய வலது முழங்கால் வீங்கியது. எலும்பு டாக்டர் படத்தைத் தூக்கிப் பிடித்துப் பார்த்தார். "பட்டை கட்டிக்கிட்டு, மருந்து சாப்பிட்டு, ஜாக்கிரதையா இருந்தா ஐம்பத்தஞ்சு வயசு வரைக்கும் இந்த வேலை பார்க்கலாம். அதுக்கு மேல மண்டி போட்டா நான் பொறுப்பில்லை" என்றார்.

"அறுபதுக்குக் கடன் முடியுது டாக்டர். ஒரு அஞ்சு வருஷம் கூட்டிக் குடுங்க" என்றார் சித்தப்பா, காய்கறிக்காரரிடம் கேட்பதுபோல.

"முட்டியைக் கேளுங்க. என்னைக் கேட்டா?"

இரண்டாவது, வங்கியிலிருந்து ஓர் இளைஞர் வீட்டுக்கு வந்தார். சித்தப்பாவுக்கு மாடியில் ஒரு அறை எழுப்பி, அதில் விதவிதமான தரை மாதிரிகளைப் போட்டு, வாடிக்கையாளர்களை அங்கேயே வரவழைக்க வேண்டும் என்று ஆசை. முழங்கால் போனாலும் உட்கார்ந்த இடத்தில் தொழில் நடக்கும் என்பது அவர் கணக்கு. அதற்கென்று ஒரு லட்சம் சேர்த்தும் வைத்திருந்தார். இளைஞர் மேலும் ஐந்து லட்சம் கடன் தருவதாகச் சொன்னார்.

"சார், மாசம் நாலாயிரத்துச் சொச்சம்தான் கூடும். உங்க வருமானத்துக்கு அது ஒண்ணுமே இல்லை."

"எவ்வளவு காலத்துக்கு தம்பி?"

"எல்லாத்தையும் சேர்த்துப் புதுசா இருபத்தஞ்சு வருஷம் போட்டுடலாம் சார். ஈஸியா இருக்கும்."

நாற்பத்து மூன்று வயதுக்காரருக்கு இருபத்தைந்து வருடம் 'ஈஸி'. சித்தி மருந்துக்கடையில் பில் போடுகிறவர். அவருக்கு அந்த வார்த்தை காதில் இடறியது. விண்ணப்பம் ஆங்கிலத்தில் இருந்ததால் ஞாயிற்றுக்கிழமை காலை என்னைக் கூப்பிட்டு அனுப்பினார். "கையெழுத்துப் போட்டுத் தர்றேன்னு நாளைக்கு வரச் சொல்லிட்டாரு உங்க சித்தப்பா. நீ ஒரு தடவை படிச்சுச் சொல்லிடு பாப்பா. இல்லேன்னா எனக்குச் சோறு இறங்காது."

விண்ணப்பத்தைப் படிப்பதற்காகப் பழைய தாள்களையும் கேட்டேன். இழுப்பறைக் கடிதமும் அதனுடன் கிடந்த ஒன்பது பக்க அட்டவணையும் வந்தன. முதல் மூன்று வருடத்துக்குத்தான் வட்டி மாறாது, அதன் பிறகு மாறும் என்று ஒப்பந்தத்தில் இருந்தது. எட்டரை இப்போது பத்தாகியிருந்தது. தவணை மாறவில்லை. ஆனால் இனி கட்ட வேண்டிய மாதங்கள் இருநூற்று நாலு என்பதற்குப் பதில் இருநூற்று எழுபத்தைந்து என்று இருந்தது.

"சித்தப்பா, தவணையை ஏத்தலை. மாசத்தை ஏத்திட்டாங்க" என்றேன்.

"எத்தனை மாசம்?"

"எழுபத்தொண்ணு. அறுபத்தாறு வயசுலதான் முடியும்."

சித்தப்பா சிரித்தார். "போ பாப்பா. நீ சின்ன எழுத்துல எதையோ மாத்திப் படிச்சுட்டே."

சித்தி அதற்குள் கடைக் கால்குலேட்டரை எடுத்துவிட்டார். கட்டியதும் கட்டப்போவதுமாக மொத்தம் முந்நூற்றுப் பதினொரு மாதம். தட்டினார். "ஐம்பத்து மூணு லட்சத்துத் தொண்ணூத்தேழாயிரம். இருபது லட்சம் வாங்கினதுக்கு!"

"மூணு வருஷத்துல ஆறேகால் லட்சம் கட்டியிருக்கேனே. அது போக?"

"கடன்ல குறைஞ்சது ஒரு லட்சத்து முப்பதாயிரம்தான்" என்றேன்.

"மிச்சம்?"

"வட்டி."

அவர் நம்பவில்லை. எண்களை எவ்வளவு சொன்னாலும் அவர் முகம் ஒன்றும் காட்டவில்லை. தாள்களைத் தள்ளி வைத்துவிட்டு எழுந்தார். "மாடிக்கு வாங்க. பரப்பிப் பார்த்துடுவோம்."

மொட்டைமாடி மூலையில் இரண்டு சாக்கு இருந்தன. ஒரு சலூனுக்குத் தரை போட்டபோது மிஞ்சிய இரண்டு அங்குலச் சதுரச் சில்லுகள். ஒரு சாக்கில் கறுப்பு, மற்றதில் வெள்ளை. நூலை நீளவாட்டில் பிடித்துக் கட்டினார். "ஒரு சில்லு ஒரு மாசம். ஒரு வரிசை ஒரு வருஷம். பேங்குக்குப் போறது கறுப்பு, வீட்டுக்குச் சேர்றது வெள்ளை. நீ அட்டவணையைப் பார்த்து வரிசைக்கு எத்தனைன்னு சொல்லிக்கிட்டே வா" என்றார். முழங்கால் பட்டையை இறுக்கிக்கொண்டு உட்கார்ந்தார்.

முதல் வருடம் பத்து கறுப்பு, இரண்டு வெள்ளை. இரண்டாவதும் ஏறக்குறைய அப்படித்தான். மூன்றாவது வருடம் ஒன்பதரை கறுப்பு என்றேன். "அரையா?" என்றவர் கட்டரை எடுத்து ஒரு கறுப்பையும் ஒரு வெள்ளையையும் சரிபாதியாக வெட்டிப் பொருத்தினார். கணக்கென்றால் கணக்கு.

"நாலாவது வருஷம், அதாவது இந்த வருஷம்?"

"பதினொண்ணு கறுப்பு, ஒண்ணு வெள்ளை. கொஞ்சம் கூடக் குறைய."

அவர் கை நின்றது. "திருப்பிப் பாரு. மூணு வருஷம் கட்டினதுக்கு அப்புறம் கறுப்பு குறையணும்ல?"

"வட்டி ஏறினதால கூடிடுச்சு சித்தப்பா."

"அப்ப முதல் நாளைவிட இன்னைக்கு நான் பின்னாடி நிக்கிறேன்."

அவர் அடுக்கிக்கொண்டே போனார். ஐந்து, ஆறு, ஏழு. மாடியின் ஒரு சுவரிலிருந்து கறுப்பு அகலமாகக் கிளம்பி வந்துகொண்டே இருந்தது. வெள்ளை ஓரமாக ஒதுங்கி, வெட்கப்பட்டதுபோல மெல்ல மெல்ல அகன்றது. சித்தி மோர் கொண்டுவந்து வைத்துவிட்டு அதை எட்டிப் பார்த்தார்.

"பதினஞ்சு வரிசை ஆச்சு. இன்னும் துக்க வீட்டுக்குக் கட்டின துணி மாதிரியே இருக்கே" என்றார்.

கறுப்பும் வெள்ளையும் சரிபாதி ஆனது பத்தொன்பதாவது வரிசையில். அந்த வருடம் சித்தப்பாவுக்கு ஐம்பத்தொன்பது வயது. இருபத்தாறாவது வரிசையில் ஒரு சில்லு குறைவாக முடிந்தது. கறுப்பு நூற்றுத் தொண்ணூற்றாறு, வெள்ளை நூற்றுப் பதினைந்து.

சித்தப்பா எழவில்லை. கலவை பூசும் தன் கரணையை எடுத்துப் பதினைந்தாவது வரிசைக்குக் கீழே குறுக்காக வைத்தார். "இங்க எனக்கு ஐம்பத்தஞ்சு. இதுக்குக் கீழ பதினோரு வரிசை இருக்கு. அதை எந்த முட்டியை வெச்சுக் கட்டறது?"

"நேத்து வரைக்கும் பேங்க்காரன் என் மேல கை வைக்க மாட்டான்னு சொன்னீங்க" என்றார் சித்தி.

"கைதான் வைக்கலை. காலை வெச்சிருக்கான்."

அதைச் சொல்லிவிட்டு அவரே முதலில் சிரித்தார். எனக்கு அப்போதுதான் மூச்சு வந்தது. சித்தப்பா தப்பை ஒத்துக்கொண்டால் அதன் பிறகு வேலையில் இறங்கிவிடுவார். சாய்ந்து போன சுவரைப் பார்த்து அவர் அழுது நான் பார்த்ததில்லை. நூலை மாற்றிப் பிடிப்பார்.

"சரி. அந்தத் தம்பி மாசம் நாலாயிரம் கூடக் கட்டச் சொன்னான்ல? மாடி ரூம் வேண்டாம். அஞ்சு லட்சமும் வேண்டாம். ஆனா அந்த நாலாயிரத்தைச் சும்மா இந்தப் பழைய கடன்லயே கட்டினா எத்தனை வரிசை போகும்?"

அந்தக் கேள்வி எனக்குத் தோன்றவில்லை, சித்திக்கும் தோன்றவில்லை. மறுநாள் காலை மூவரும் வங்கிக்குப் போனோம். கடன் பிரிவில் ஓர் அம்மா இருந்தார். கண்ணாடியை மூக்கு நுனியில் வைத்துக்கொண்டு, எதற்கும் அவசரப்படாதவர்.

"தவணையைக் கூட்டணும்" என்றார் சித்தப்பா.

"குறைக்கணுமா?"

"கூட்டணும்மா. இருபத்தோராயிரத்து ஐந்நூறு."

அந்த அம்மா கண்ணாடிக்கு மேலாக அவரைப் பார்த்தார். "பதினெட்டு வருஷமா இந்த நாற்காலியில இருக்கேன். குறைக்கச் சொல்லித்தான் வருவாங்க." விசைகளைத் தட்டினார். "நூத்து ஐம்பத்தாறு மாசத்துல முடியும். பதிமூணு வருஷம்."

இருநூற்று எழுபத்தைந்து, நூற்று ஐம்பத்தாறாகிவிட்டது. சித்தி என் கையைக் கிள்ளினார். சித்தப்பா மட்டும் விரல் விட்டு எண்ணினார். "ஐம்பத்தாறு வயசு. ஒரு வருஷம் இடிக்குதே."

"அந்த ஒரு வருஷம் உட்கார்ந்துகிட்டே சுவருக்கு ஒட்டுங்க" என்றார் சித்தி.

"சுவர்ல ரேட்டு கம்மி." அந்த அம்மா பக்கம் திரும்பினார். "ஒரு லட்சம் கையில இருக்கும்மா. மாடிக்குன்னு வெச்சது. அதை இன்னைக்கே அசல்ல போட்டா?"

மீண்டும் விசைகள். "நூத்து நாற்பது. பதினாறு மாசம் குறையுது."

"ஒரு லட்சத்துக்குப் பதினாறு மாசமா?" என்றார் சித்தி. "அப்ப பின்னாடி கட்ட வேண்டிய மூணேகால் லட்சத்துக்கு மேல நமக்கு மிச்சம்."

சித்தப்பா அதைக் கேட்கவில்லை. வயதைத்தான் எண்ணிக்கொண்டிருந்தார். பதினொரு வருடம் எட்டு மாதம். ஐம்பத்து நான்கு வயதும் எட்டு மாதமும். மெதுவாகத் தலையை ஆட்டினார், கோடு நேராக வந்தால் ஆட்டுவது போல.

"வட்டி மறுபடி ஏறினா மாசமும் ஏறும். வருஷா வருஷம் வந்து ஒரு தடவை பார்த்துக்குங்க" என்றார் அந்த அம்மா.

"கடிதம் வந்தா இனிமே இழுப்பறைக்குப் போகாதும்மா. நேரா இங்கதான் வரும்."

படிவம் கொடுத்தார். நான் நிரப்பினேன். 'தவணையை மாற்றக் கோருவதற்கான காரணம்' என்று ஒரு கட்டம் இருந்தது. என்ன எழுதட்டும் என்று கேட்டேன்.

"முட்டின்னு எழுது" என்றார்.

எழுதினேன். அந்த அம்மா படித்தார், சிரிக்கவில்லை, முத்திரை குத்தினார்.

வெளியே வந்ததும் சித்தி கவலைப்பட ஆரம்பித்தார். கடன் குறைந்தது சரி, மாதம் நாலாயிரத்துக்கு எங்கே போவது, வாய் வார்த்தையில் ஒன்றும் குறைச்சலில்லை என்று. சித்தப்பா பதில் சொல்லாமல் போனை எடுத்து ஒரு கட்டட மேஸ்திரியைக் கூப்பிட்டார். அடுத்த மாதம் பன்னிரண்டு வீடுகளுக்குத் தரை போட அவருக்கு ஆள் தேவைப்பட்டது.

"அண்ணா, அந்தப் பன்னெண்டு வீட்டையும் நான் எடுத்துக்கறேன். சதுர அடிக்கு மூணு ரூபா கூடப் போட்டுக்குங்க."

மறுமுனையில் மேஸ்திரி கத்தியது எங்களுக்கே கேட்டது. போன வாரம் பேசிய ரேட்டு என்ன, இன்று சொல்லும் ரேட்டு என்ன, நாக்கா அது என்று.

"ஊரெல்லாம் ரேட்டு ஏறிடுச்சுண்ணா" என்றார் சித்தப்பா, நிதானமாக. "வேணும்னா உங்களுக்கும் ஒரு கடிதம் போட்டு விடட்டுமா?"

மேஸ்திரி ஒரு நிமிடம் திட்டினார். பிறகு இரண்டுக்கு இறங்கி வரச் சொன்னார். சித்தப்பா இரண்டரையில் நின்றார். இரண்டரைக்கே முடிந்தது.