அச்சேறாத அற்புதசாமி

நேற்று ஒரு கல்யாண அழைப்பிதழ் வந்தது. பழைய புத்தி, பிரித்ததும் மூக்கருகே கொண்டுபோனேன். மையும் இல்லை, மண்ணெண்ணெயும் இல்லை. யாரோ தெளித்த சென்ட். அழைப்பிதழைக் கண்டாலே உங்களுக்கு ஏன் கோபம் வருகிறது என்று என் மனைவி இன்றும் கேட்கிறாள். வராமல் என்ன செய்யும், நீங்களே சொல்லுங்கள்.

எழுபதுகளில் விருத்தாசலம் பீங்கான் பேட்டையில் ஒரு கம்பெனியில் நான் குமாஸ்தா. அற்புதசாமி சார் அங்கே சூளையிலிருந்து இறங்கும் கோப்பைகளைச் சோதிப்பவர். நகத்தால் ஒரு சுண்டு. சத்தத்தை வைத்தே கீறல் இருக்கிறதா என்று சொல்லிவிடுவார். கீறல் கண்டதை அங்கேயே உடைத்துவிட வேண்டும், இல்லாவிட்டால் யாராவது எடுத்துப்போய்ச் சந்தையில் விற்றுவிடுவார்கள். அதோடு நின்றிருந்தால் அவரும் நிம்மதியாக இருந்திருப்பார், நானும் இருந்திருப்பேன். ஆனால் அவர் கவிஞர். போதாக்குறைக்கு ஒரு சிறுபத்திரிகையின் ஆசிரியர்.

பல ஊர்களிலிருந்து வரும் கவிதைகளைப் படிக்கும்போதும் மேசையைச் சுண்டுவார். சுண்டினால் அந்த வரி போச்சு. பக்கம் நிறைய நான் எழுதியிருந்த கவிதையை மூன்று வரியாக்கினார். கீழே என் பெயரை விட்டுவைத்தாரே, அந்த மட்டும் புண்ணியம்.

பத்திரிகை அச்சானது மங்கலம்பேட்டைக்காரர் கரீம் பாயின் அச்சகத்தில். ஈய எழுத்துகளை ஒவ்வொன்றாக அடுக்கி, பக்கம் பக்கமாக நூலால் கட்டிவைப்பார். அச்சானதும் மண்ணெண்ணெய் போட்டுத் துடைத்து, பிரித்து, மரப்பெட்டியில் அந்தந்த எழுத்தின் அறையில் போட்டால்தான் அடுத்த வேலைக்கு எழுத்து கிடைக்கும். பெரிய ஊர் அச்சகம் போல எழுத்து அவரிடம் கொட்டிக் கிடக்கவில்லை.

ஒரு வருடம், பத்திரிகையில் எழுதும் பையன்கள் நாங்களெல்லாம் நச்சரித்து, சாரின் சொந்தக் கவிதைகளைப் புத்தகமாக்கச் சம்மதிக்க வைத்தோம். சின்னப் புத்தகம்தான். பாய் முழுவதையும் அடுக்கி, திருத்துவதற்குப் புரூஃப் எடுத்துக் கொடுத்தார். நான் உரக்கப் படிப்பேன், சார் சுண்டுவார்.

"இந்த வரி நல்லாத்தானே சார் இருக்குது?"

"நல்லாருக்குது. அதான் எடுக்குறேன்."

அதைவிடக் கொடுமை, திருத்தம் ஏறியதும் பழைய புரூஃபையும் கையெழுத்துப் பிரதியையும் கிழித்துப் போட்டுவிடுவார். கீறல் விட்டது வெளியே போகக்கூடாதாம். காகிதமும் கோப்பையும் ஒன்றா என்று தலைபாடாக அடித்துக்கொண்டேன்.

மார்கழி முடியப்போகிறது. பாய் என்னைப் பிடித்துக்கொண்டார்.

"எழுத்தெல்லாம் உங்க சார் புத்தகத்துலயே மாட்டிக்கிட்டு இருக்குது தம்பி. தை பொறந்தா கல்யாண வேலை வரும், நான் எதை வச்சு அடுக்குறது?"

சாரிடம் போய்ச் சொன்னேன். "போட்டுடலாங்க சார், போதும்" என்று கெஞ்சினேன். "ரெண்டே ரெண்டு வரி உறுத்துதுய்யா. பெண்ணாடம் போயிட்டு வந்து முடிச்சுடுறேன்" என்று தங்கை வீட்டுப் பொங்கலுக்குப் புறப்பட்டுப் போனார்.

அந்த நேரம் பார்த்துக் கருவேப்பிலங்குறிச்சியிலிருந்து ஒரு கல்யாண வீட்டார் வந்தார்கள். பாய் பொறுத்துப் பார்த்தார். பிறகு புத்தகத்தைப் பிரித்துப்போட்டு அழைப்பிதழை அடுக்கிவிட்டார். திருத்திய புரூஃப் சாரிடம் இருக்கிறதே, பிறகு அடுக்கிக்கொள்ளலாம் என்று அவர் நினைப்பு. எழுத்து பாயிடம் கட்டியபடியே இருக்கிறதே, புதுப் புரூஃப் எடுத்துக்கொள்ளலாம் என்று சாரின் நினைப்பு. ஊருக்குப் போகுமுன்பே கடைசிப் புரூஃபையும் கிழித்துவிட்டார் மகாராசன்.

"பிரதி உங்ககிட்ட இருக்குதுன்னுல்ல சார் நெனச்சேன்" என்று, சார் திரும்பி வந்ததும் பாய் அழாத குறை. எனக்கு இரண்டு பேரையும் அறையலாம் போலிருந்தது. சாரோ மேசை மேலிருந்த கல்யாண அழைப்பிதழை எடுத்துப் படித்தார். நகத்தால் சுண்டினார்.

"இங்க ஒரு வார்த்தை அதிகம் பாய்."

ஞாபகத்திலிருந்தாவது எழுதுங்கள் என்று வருடக்கணக்கில் மன்றாடினேன். "ஞாபகத்துல இருக்குறது திருத்தாததுய்யா" என்பார். கடைசிவரை மற்றவர்கள் கவிதைகளையே சுண்டிக்கொண்டிருந்துவிட்டுப் போய்ச்சேர்ந்தார். அவர் வெட்டிச் செதுக்கிய பையன்களெல்லாம் இன்று புத்தகம் புத்தகமாகப் போட்டிருக்கிறார்கள். பாயின் ஈயமெல்லாம் எடைக்குப் போனது.

அந்தப் பையன்களில் ஒருவர், இப்போது தலை நரைத்தவர், அவ்வப்போது போன் செய்கிறார். "நீங்கதானே படிச்சுக் காட்டினீங்க, சார் கவிதை ஒண்ணாவது ஞாபகம் இருக்குதா?" இருக்கிறது, ஏன் இல்லாமல்? சண்டை போட்டு நான் தோற்ற வரிகள் ஒவ்வொன்றும் மனப்பாடம். அவர் வேண்டாம் என்று அடித்தவை எல்லாம் என்னிடம் இருக்கின்றன. இருக்கட்டும் என்று அவர் விட்டதில் ஒரு வரிகூட நினைவுக்கு வரமாட்டேன் என்கிறது.